டெர்ரிக்கின் இரண்டு வாழ்க்கைகள்

உயரமான மனிதர். வெளிர்நிற மழையங்கி அணிந்திருக்கிறார். கண்களுக்குக் கீழே கனத்துத் தொங்கும் பைகள். மியூனிக் நகரின் செல்வந்தர் குடியிருப்பு ஒன்றில், பெரிய மாளிகையின் வரவேற்பறையில் அவர் நின்றுகொண்டிருக்கிறார். எதிரே அமர்ந்திருப்பவர் தொழிலதிபராக இருக்கலாம், மருத்துவராகவும் இருக்கலாம். கொலையைச் செய்தவர் அவர்தான் என்பது இருவருக்கும் தெரியும். ஆயினும் துப்பாக்கி நீட்டப்படுவதில்லை, குரலும் உயர்வதில்லை. நீண்டதொரு மௌனத்துக்குப் பின்னர் ஒரே ஒரு கேள்வி வருகிறது. எதிரே இருப்பவர் மெல்லத் தலைகுனிகிறார்.

'டெர்ரிக்' என்னும் ஜெர்மன் தொலைக்காட்சித் தொடரின் சாரம் இவ்வளவே. 1974ஆம் ஆண்டு அக்டோபர் 20ஆம் நாள், ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலையில் தொடங்கிய இத்தொடர் பின்னர் வெள்ளிக்கிழமை இரவுக்கு மாறியது. 1998 அக்டோபர் 16 வரை, இருபத்து நான்கு ஆண்டுகளில் 281 பகுதிகள் ஒளிபரப்பாயின. நூற்றுக்கும் மேற்பட்ட நாடுகள் இதை விலைக்கு வாங்கின. போருக்குப் பிந்தைய ஜெர்மனி உலகுக்கு அனுப்பிய தொலைக்காட்சி முகங்களில், தலைமை ஆய்வாளர் ஸ்டெஃபான் டெர்ரிக்காக நடித்த ஹோர்ஸ்ட் டாப்பெர்ட்டின் முகம்தான் மிகப் பரவலாக அறியப்பட்டது என்று சொன்னால் மிகையாகாது.

நம்மில் சிலருக்குத் தூர்தர்ஷனில் வந்த 'தி ஓல்ட் ஃபாக்ஸ்' நினைவிருக்கக் கூடும். அதைத் தயாரித்த ஹெல்முட் ரிங்கெல்மன்தான் டெர்ரிக்கையும் தயாரித்தவர். இரண்டும் ஒரே அச்சில் வார்த்தெடுக்கப்பட்டவை. அந்த நிதானத்தையும், மேகம் கவிந்த அந்த மியூனிக் தெருக்களையும் ஒருமுறை பார்த்தவர்களுக்கு டெர்ரிக்கின் உலகை விளக்க அதிகம் சொல்லத் தேவையில்லை.

ஹோர்ஸ்ட் டாப்பெர்ட் 1923ஆம் ஆண்டு மே 26ஆம் நாள் எல்பர்ஃபெல்டில் பிறந்தார். இன்று அவ்வூர் வுப்பெர்ட்டால் நகரின் ஒரு பகுதி. தந்தை அரசு ஊழியர். பள்ளிப் படிப்புக்குப் பின் டாப்பெர்ட் வணிகத்துறையில் பயிற்சி பெற்றார். நடிப்புக் கனவுகள் ஏதும் அப்போது அவருக்கு இருந்ததாகத் தெரியவில்லை. பிறகு போர் வந்தது. போர் ஆண்டுகளைப் பற்றி அவர் பிற்காலத்தில் பேசியது மிகக் குறைவு. மருத்துவ உதவிப் படைவீரராக இருந்ததாகவும், முடிவில் போர்க்கைதியானதாகவும் சொல்லிவிட்டு அடுத்த பேச்சுக்குப் போய்விடுவார். நாமும் இப்போதைக்கு அதை அப்படியே விட்டுவிட்டு மேலே செல்வோம். இவ்விடத்துக்குத் திரும்பி வரத்தான் வேண்டும்.

1945இல் வேலை தேடி அலைந்த அந்த இளைஞருக்கு ஸ்டெண்டால் நகர நாடக அரங்கில் கணக்கெழுதும் வேலை கிடைத்தது. கணக்கராக உள்ளே நுழைந்தவரை அரங்கம் விழுங்கிவிட்டது. மேடையில் நடப்பவற்றை நாளும் பார்த்துக் கொண்டிருந்தவருக்கு நாமும் முயன்றால் என்ன என்று தோன்றியது. பவுல் ரோஸ என்பவரிடம் நடிப்புப் பயின்று அங்கேயே முதல்முறை மேடையேறினார். சாம்பல் மேடாகக் கிடந்த ஜெர்மனியில் வயிறு நிறைய உணவில்லை. ஆனால் நாடக அரங்குகள் நிறைந்தன. ஊர் ஊராக மாறிப் போவது அக்கால நடிகர்களின் வழக்கம். டாப்பெர்ட்டும் கியோத்தன், கியோட்டிங்கன், காசெல், பான் என்று சுற்றி, 1956இல் மியூனிக்கின் புகழ்பெற்ற காமர்ஷ்பீலே அரங்கை அடைந்தார். நாற்பதை நெருங்கியபோதும் அவர் நல்ல நடிகர்களுள் ஒருவர் மட்டுமே. தெருவில் நடந்தால் எவரும் திரும்பிப் பார்த்திருக்க மாட்டார்கள்.

அதை மாற்றியது ஒரு கொள்ளை. 1963இல் இங்கிலாந்தில் நிகழ்ந்த பெரும் ரயில் கொள்ளையை வைத்து, 1966 பிப்ரவரியில் மூன்று பகுதிகளாக ஒரு தொலைக்காட்சிப் படம் ஒளிபரப்பானது. கொள்ளையர் தலைவன் மைக்கேல் டொனேகன் வேடம் டாப்பெர்ட்டுக்கு. பதறாத, நேர்த்தியான, கடிகாரம் போலத் திட்டமிடும் ஒரு கனவான் திருடன். இத்தகைய நிகழ்ச்சிகளை ஜெர்மானியர் 'தெருப் பெருக்கி' என்பார்கள். ஒளிபரப்பாகும் நேரத்தில் தெருக்களில் ஆளே இராது என்பது பொருள். சட்டத்தின் மறுபக்கத்தில் நின்று புகழ் பெற்ற ஒருவர் பின்னாளில் சட்டத்தின் முகமாகவே அறியப்பட்டது சுவையான முரண்.

அடுத்த சில ஆண்டுகள் கலவையானவை. எட்கர் வாலஸ் கதைகளைத் தழுவி மேற்கு ஜெர்மனியில் வரிசையாக வந்த மர்மப் படங்களில் அவர் தோன்றினார். 'சோஹோவின் கொரில்லா' (1968), 'கண்ணாடிக் கண் மனிதன்' (1969) ஆகிய இரண்டிலும் ஸ்காட்லாந்து யார்டு ஆய்வாளர் பெர்கின்ஸ் அவரே. ஸ்பானிய இயக்குநர் ஹெசுஸ் ஃப்ராங்கோவின் மலிவான திகில் படங்களிலும் நடித்தார். அவற்றைப் பற்றி நாம் அதிகம் பேசாமலிருப்பதே டாப்பெர்ட்டுக்குச் செய்யும் மரியாதை.

டெர்ரிக் பிறந்த கதைக்கு வருவோம். 1969 முதல் இரண்டாம் ஜெர்மன் தொலைக்காட்சியில் 'டெர் கொமிஸ்ஸார்' என்ற கறுப்பு வெள்ளைத் தொடர் ஓடிக்கொண்டிருந்தது. தயாரிப்பு ரிங்கெல்மன்; எழுத்து ஹெர்பெர்ட் ரைனெக்கர். மூத்த அதிகாரியாக எரிக் ஓடெ நடித்த அத்தொடரில் ஹாரி க்ளைன் என்ற இளம் உதவியாளர் ஒருவர் உண்டு. அதே கூட்டணி வண்ணத்தில் புதிய தொடரைத் தொடங்கியபோது ஹாரியை அங்கிருந்து இங்கே பணி மாற்றம் செய்துவிட்டார்கள். ஹாரியாக நடித்தவர் ஃப்ரிட்ஸ் வெப்பர். பழைய தொடரில் காலியான இடத்தை நிரப்ப ஹாரியின் தம்பி எர்வின் வந்தார். அவ்வேடத்தில் நடித்தவர் ஃப்ரிட்ஸ் வெப்பரின் சொந்தத் தம்பியான எல்மர் வெப்பர். கதையிலும் வாழ்விலும் அண்ணன் போக, தம்பி வந்தார்.

தொடக்கத்தில் டெர்ரிக் வேறு பாதையில் நடந்தது. அமெரிக்காவின் கொலம்போ தொடரைப் போலக் கொலையாளி யாரென்பதை முதலிலேயே காட்டிவிட்டு, அவன் எப்படிச் சிக்குகிறான் என்பதையே கதையாக்கினார்கள். இது நெடுநாள் நீடிக்கவில்லை. 'யார் செய்தது' என்ற பழைய கேள்விக்கே தொடர் திரும்பியது. ஆனால் ரைனெக்கருக்கு அக்கேள்வியில் பெரிய ஆர்வம் இருந்ததாக நமக்குத் தோன்றவில்லை. 'ஏன் செய்தார்கள், செய்துவிட்டு எப்படி வாழ்கிறார்கள்' என்பதே அவர் மனத்தை அரித்த கேள்வி. 281 பகுதிகளையும் அவர் ஒருவரே எழுதினார். இருபத்து நான்கு ஆண்டுகள் ஒரே கை எழுதியதால் ஒரே வகை மனிதர்கள் மீண்டும் மீண்டும் வருகிறார்கள். வசதியான குடும்பம், அழகிய தோட்டம், சுவரில் ஓவியங்கள், அடியில் ஒரு பிணம். பிற்காலப் பகுதிகளில் கதையே மறைந்து, டெர்ரிக் மனித இயல்பைப் பற்றித் துயரத்தோடு சிந்திப்பதுதான் எஞ்சியது.

ஜெர்மன் விமர்சகர்கள் இதைக் கேலி செய்தார்கள். மரக்கட்டை நடிப்பு, உபதேசம், உறக்கம் வருகிறது என்றெல்லாம் எழுதினார்கள். 'ஹாரி, வண்டியை முன்னால் கொண்டு வா' என்ற வசனம் டெர்ரிக்கின் முத்திரை வாக்கியமாக நாடெங்கும் பேசப்பட்டது. வேடிக்கை என்னவென்றால், புகழ்பெற்ற அந்த வடிவத்தில் அவ்வாக்கியம் தொடரில் எங்கும் பேசப்படவில்லை என்கிறார்கள் தேடிப் பார்த்தவர்கள். இத்தாலிய எழுத்தாளர் உம்பெர்ட்டோ எக்கோ டெர்ரிக்கின் வெற்றியை ஆராய்ந்து அதற்கு ஒரு பெயரும் வைத்தார்: நடுத்தரத்தின் மீதான பேரார்வம். அவருடைய கட்டுரைகளின் ஜெர்மன் தொகுப்பு ஒன்று 2000ஆம் ஆண்டு இத்தலைப்பிலேயே வெளிவந்தது. அசாதாரணமானது எதுவும் இல்லாததாலேயே எவரும் தன்னைத் தாழ்வாக உணராமல் இதைப் பார்க்க முடிகிறது என்பது அவர் வாதத்தின் போக்கு.

எக்கோவை மறுக்கும் துணிவு நமக்கில்லை. ஆனால் அவர் சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கலாம். இத்தாலியிலும் பிரான்ஸிலும் நெதர்லாந்திலும் நோர்வேயிலும் இத்தொடரைப் பார்த்த மூத்த தலைமுறைக்கு ஜெர்மானியன் என்றால் யார்? சீருடை அணிந்து, பூட்ஸ் காலோடு கதவை உதைத்துத் திறந்து, கத்துபவன். அப்படித்தான் அவனை நேரிலும் பார்த்திருந்தார்கள், திரைப்படங்களிலும் பார்த்தார்கள். டெர்ரிக் கதவைத் தட்டுகிறார். அனுமதி கேட்டு உள்ளே வருகிறார். தாழ்ந்த குரலில் பேசுகிறார். கொலையுண்டவருக்காக வருந்துகிறார், சில வேளைகளில் கொலை செய்தவருக்காகவும். ஆக்கிரமிப்பை அனுபவித்த நாடுகளின் வீட்டுக் கூடங்களில் வாரந்தோறும் இப்படியொரு ஜெர்மானியர் வந்து அமர்ந்தது சிறிய செயலன்று. டாப்பெர்ட்டும் நோர்வே மீது பெருங்காதல் கொண்டு வடக்கே ஹாமராய் பகுதியில் ஒரு வீடும் வைத்திருந்தார். அந்நாட்டு மக்கள் அவரைத் தங்களுள் ஒருவராகவே பாவித்தார்கள்.

விருதுகள் வந்தன. 1979இலும் 1998இலும் பாம்பி விருது. பவேரியக் காவல்துறை அவரைக் கௌரவ அதிகாரியாக்கிக் கொண்டது. 1997இல் கூட்டாட்சிக் குடியரசின் தகுதிச் சிலுவை அளிக்கப்பட்டது. எழுபத்தைந்தாம் வயதில், தொடர் இன்னும் ஓடக்கூடிய நிலையிலேயே, அவர் விடைபெற்றுக் கொண்டார். கடைசிப் பகுதியின் பெயர் 'விடைபெறும் பரிசு'. அதே காலத்தில் தன் நினைவுக் குறிப்பு நூலையும் வெளியிட்டார். 'டெர்ரிக்கும் நானும்: என் இரண்டு வாழ்க்கைகள்' என்பது அதன் தலைப்பு. 2004இல் வந்த டெர்ரிக் கேலிச்சித்திரப் படத்துக்கு அவரும் வெப்பரும் குரல் கொடுத்தார்கள். தன்னைத்தானே பகடி செய்துகொள்ள அவர் தயங்கவில்லை. 2008 டிசம்பர் 13 அன்று, மியூனிக்கை அடுத்த பிளானெக்கில், எண்பத்தைந்தாம் வயதில் காலமானார். இரங்கல் குறிப்புகள் அனைத்தும் கண்ணியம், நிதானம், நேர்மை என்ற சொற்களைச் சுற்றியே வந்தன.

இத்துடன் முடிந்திருந்தால் இக்கட்டுரையை எழுதவேண்டிய தேவை நமக்கு வந்திராது.

2013ஆம் ஆண்டு ஏப்ரல் மாத இறுதியில் 'ஃபிராங்க்ஃபுர்ட்டர் அல்கெமைன்' நாளிதழில் ஒரு செய்தி வந்தது. யோர்க் பெக்கர் என்ற சமூகவியலாளர், மக்கள் கருத்தாய்வாளர் எலிசபெத் நோயெல்லெ-நொய்மனின் வாழ்க்கை வரலாற்றுக்காக ஆவணங்களைத் தேடிக்கொண்டிருந்தார். பெர்லினில் பழைய ஜெர்மன் படைவீரர்களின் தனிநபர்க் கோப்புகளைப் பாதுகாக்கும் ஓர் அலுவலகம் உண்டு. அங்கே, அவர் தேடப் போகாத ஒரு பெயர் கிடைத்தது: ஹோர்ஸ்ட் டாப்பெர்ட். முதலில் ஆரோல்சனில் இருந்த எஸ்.எஸ். விமான எதிர்ப்புப் பயிற்சிப் பிரிவு. பிறகு 1943 மார்ச்சில், 'டோட்டன்கோப்ஃப்' என்னும் மண்டையோட்டுப் படைப்பிரிவின் தரைப்படை வீரர்.

இந்தப் பெயரின் கனத்தை அறியாமல் மேலே போக முடியாது. 1939இல் வதைமுகாம் காவலர்களைத் திரட்டி அமைக்கப்பட்ட பிரிவு அது. அமைத்தவர் டாஹவ் முகாமின் தளபதியாக இருந்த தியோடர் ஐக்கெ. 1940 மே 27 அன்று பிரான்ஸின் லெ பராடி என்னும் சிற்றூரில் சரணடைந்த பிரிட்டிஷ் வீரர்கள் 97 பேரைச் சுவரோரம் நிறுத்திச் சுட்டுக் கொன்றது இப்பிரிவின் ஒரு அணியே. டாப்பெர்ட்டின் பெயர் பதிவாவதற்குச் சில வாரங்கள் முன்புதான், 1943 பிப்ரவரியில், ஐக்கெ கிழக்கு முனையில் விமானம் சுடப்பட்டு இறந்தார்.

அப்போது டாப்பெர்ட்டுக்கு வயது பத்தொன்பது. அவர் விரும்பிச் சேர்ந்தாரா, சேர்க்கப்பட்டாரா என்பதை அக்கோப்பு சொல்லவில்லை. போரின் முதல் ஆண்டுகளில் எஸ்.எஸ். ஆயுதப்படைக்குத் தன்னார்வலர்களே சேர்ந்தார்கள் என்றாலும், 1943 வாக்கில் வற்புறுத்தியும் கட்டாயப்படுத்தியும் ஆள் சேர்க்கத் தொடங்கிவிட்டார்கள். 1946இல் நியூரம்பெர்க் தீர்ப்பாயம் எஸ்.எஸ். அமைப்பைக் குற்ற அமைப்பாக அறிவித்தபோதும், வேறு வழியின்றிச் சேர்க்கப்பட்டு, குற்றம் ஏதும் புரியாதவர்களுக்கு விலக்களித்தது. டாப்பெர்ட் ஏதேனும் குற்றம் செய்தார் என்று அச்செய்தி சொல்லவில்லை. நாமும் சொல்லவில்லை. தெரிய வந்தது ஒன்றே: அவர் அங்கே இருந்தார், அறுபது ஆண்டுகளுக்கு மேல் அதைச் சொல்லாமல் இருந்தார்.

விளைவுகள் விரைவாக வந்தன. இரண்டாம் ஜெர்மன் தொலைக்காட்சி இனி டெர்ரிக் மறுஒளிபரப்பு இல்லை என்றது. நெதர்லாந்தின் மாக்ஸ் ஒளிபரப்பு நிறுவனமும் நிறுத்தியது. இறந்தவரிடமிருந்து கௌரவ அதிகாரிப் பட்டத்தைத் திரும்பப் பெறலாமா என்று பவேரிய அரசு ஆலோசித்தது.

இங்கே நமக்கு குந்தர் கிராஸின் நினைவு வராமல் இராது. 2006இல், எழுபத்தெட்டு வயதில், நோபல் பரிசு பெற்று ஏழு ஆண்டுகள் கழித்து, தானும் எஸ்.எஸ். ஆயுதப்படையில் இருந்ததாக அவர் சொன்னார். பதினேழு வயதில், போரின் கடைசி மாதங்களில். எழுந்த கண்டனங்களில் பெரும்பாலானவை அவர் அங்கே இருந்ததற்காக அல்ல. பிறர் மௌனத்தை ஆயுள் முழுதும் சாடியவர் தன் மௌனத்தைக் கலைக்க இவ்வளவு காலம் எடுத்துக்கொண்டதற்காக. ஆயினும் கிராஸ் தானே சொன்னார். வெங்காயத்தைத் தானே உரித்தார். டாப்பெர்ட்டின் கோப்பை வேறொருவர் வேறெதையோ தேடும்போது திறக்க நேர்ந்தது. மறுபுறம் பார்த்தால், கிராஸைப் போல டாப்பெர்ட் எவருக்கும் நீதி போதிக்கவில்லை, போதித்தவர் டெர்ரிக். நடிகரையும் வேடத்தையும் பிரித்துப் பார்க்க வேண்டும் என்பது சரிதான். ஆனால் அவ்விரண்டையும் சேர்த்துத் தைத்த முகத்துக்குத்தானே பவேரியக் காவல்துறை பட்டம் கொடுத்தது?

நம்மை உண்மையில் உறுத்துவது இதுவன்று. வசனங்களை எழுதிய ரைனெக்கரைப் பாருங்கள். 1914இல் ஹாகனில் பிறந்தவர். ஹிட்லர் இளைஞர் அமைப்பின் சிறுவர் இதழை நடத்தியவர். போரில் எஸ்.எஸ். பிரசாரப் பிரிவின் செய்தியாளர். 1944இல் வெளியான 'இளங்கழுகுகள்' என்ற பிரசாரத் திரைப்படத்தின் திரைக்கதையில் அவர் பங்கு உண்டு. அதை இயக்கிய ஆல்ஃபிரட் வைடன்மன், முப்பது ஆண்டுகளுக்குப் பின் டெர்ரிக்கின் பல பகுதிகளை இயக்கினார். இவை எவையும் கோப்புகளில் புதைந்து கிடந்த ரகசியங்கள் அல்ல. ரைனெக்கர் 1990இல் தன் வாழ்க்கையைச் சார்ந்து ஒரு காலக் குறிப்பு நூலே எழுதினார். தொடர் அதன் பின்னரும் எட்டு ஆண்டுகள் ஓடியது. 2007இல் அவர் இறந்த பிறகும் மறுஒளிபரப்புகள் தொடர்ந்தன. பிரசாரம் எழுதியவரின் சொற்கள் வெள்ளிக்கிழமை தோறும் வீடுகளுக்குள் வருவதில் எவருக்கும் தடையில்லை. பத்தொன்பது வயதில் படைவீரனாக இருந்தவனின் முகம்தான் தடையாயிற்று. திரையில் தெரிபவனே பொறுப்பாளி, எழுதியவன் கண்ணுக்குத் தெரியாதவன் என்ற கணக்கு இதில் இருக்கிறது. எழுத்தை நேசிப்பவர்களாகிய நாம் இதைப் பாராட்டாக எடுத்துக்கொள்ள முடியாது.

செய்திக்குப் பின் பழைய பகுதிகள் சிலவற்றை மீண்டும் பார்த்தோம். முன்பு சலிப்பூட்டிய இடங்கள் இப்போது வேறாகத் தெரிந்தன. 1974இல் அந்த மாளிகைகளில் அமர்ந்திருக்கும் ஐம்பது வயதுக் கனவான்கள் 1943இல் எங்கே இருந்திருப்பார்கள் என்று கணக்கிட்டுப் பார்க்காமல் இருக்க முடியவில்லை. டெர்ரிக்குக்கும் அதே வயதுதான். நாம் பார்த்த பகுதிகளில் அவர் அக்கேள்வியை எவரிடமும் கேட்கவில்லை. நேற்று இரவு எங்கிருந்தீர்கள் என்பார், மனைவியைக் கடைசியாக எப்போது பார்த்தீர்கள் என்பார். அதற்கு முன்னால் போகமாட்டார். அவருக்கும் கடந்த காலம் என்று ஒன்று இல்லை. பெற்றோர், இளமை, போர் எதுவும் கிடையாது. ஒரு நாள் மழையங்கியோடு வந்து நின்றவர் போலத்தான் இருக்கிறார். இதை எழுத்தாளரின் திறமைக் குறைவு என்று முன்பு நினைத்திருந்தோம்.

ஹாரியாக நடித்த ஃப்ரிட்ஸ் வெப்பர் 2024 மார்ச்சில் மறைந்தார். தம்பி எல்மர் அதற்குச் சில மாதங்கள் முன்பே, 2023 அக்டோபரில் போய்விட்டார். ரிங்கெல்மனும் இல்லை. அந்தப் பெர்லின் அலுவலகம் 2019இல் கூட்டாட்சி ஆவணக் காப்பகத்துடன் இணைக்கப்பட்டது. கோடிக்கணக்கான மற்ற அட்டைகளோடு, எல்பர்ஃபெல்டில் 1923இல் பிறந்த அந்தப் படைவீரனின் அட்டையும் அங்கேதான் இருக்கிறது.